கியோத்தோவில் தூக்கிக் குடித்த டீ

ஜப்பானுக்குப் போய் வந்தவன் என்று தெரிந்ததும் பழவேற்காட்டில் எல்லோரும் முதலில் கேட்டது மீனைப் பற்றித்தான். பச்சையாகவே தின்கிறார்களாமே, உண்மையா? உண்மைதான் என்றேன். நீயும் தின்றாயா? தின்றேன் என்றேன். என் மாமன் மகன்கள் ஒரு வாரம் வரைக்கும் என்னை ஒரு மாதிரியாகத்தான் பார்த்தார்கள். கருவாடும் இறாலும் விற்றே வளர்ந்த குடும்பத்தில், உப்பும் மிளகாயும் நெருப்பும் காட்டாத மீனை வாயில் போட்டவன் என்று பெயர் எடுத்துவிட்டேன்.

கும்மிடிப்பூண்டித் தொழிற்சாலையில் மெஷினைப் பற்றிக் கேட்டார்கள். என்னோடு வந்த ராகவனைத் திருவள்ளூரில் யாரும் மீனும் கேட்கவில்லை, மெஷினும் கேட்கவில்லை. என்ன சாப்பிட்டாய், யார் கையால் சாப்பிட்டாய் என்றுதான் கேட்டார்களாம்.

எங்கள் இரண்டு பேருக்கும் சொல்ல ஆசையாக இருந்தது வேறு. ஒரு ஞாயிற்றுக்கிழமையும், அன்றைக்கு எங்களைக் கூட்டிக்கொண்டு போய் ஊர் காட்டிய ஒரு பெண்ணும். அதைத்தான் எழுதப் போகிறேன்.

எழுபதுகளின் நடுவில் எங்கள் தொழிற்சாலை ஜப்பானிலிருந்து கம்பி இழுக்கும் மெஷின் ஒன்று வாங்கியது. அதை ஓட்டக் கற்றுக்கொண்டு வர எலக்ட்ரீஷியன் ஒருவனையும் ஃபிட்டர் ஒருவனையும் ஒசாகாவுக்கு அனுப்பினார்கள். எலக்ட்ரீஷியன் நான், காதர். ஃபிட்டர் ராகவன். அவன் வீட்டார் திருவள்ளூர் கோயில் மடைப்பள்ளியில் பெருமாளுக்குத் தளிகை செய்கிறவர்கள். அவன் மட்டும் ஸ்பேனரைப் பிடித்துவிட்டான். ஆனாலும் அப்பாவின் முறை வரும்போது லீவு போட்டுவிட்டுப் போய் அவனும் அடுப்பு மூட்டுவான். கடல் தாண்டுவதற்கு வீட்டில் லேசில் சம்மதிக்கவில்லை. கடைசியில் அவன் அம்மா ஒரே ஒரு சத்தியம் வாங்கிக்கொண்டு விட்டார். யாருடைய எச்சிலும் வாயில் படக்கூடாது.

அது ராகவனுக்குப் பெரிய விஷயம் இல்லை. டம்ளரைத் தூக்கிப் பிடித்து, அண்ணாந்து, உதடு படாமல் ஊற்றிக்கொள்வதில் அவனை யாரும் மிஞ்ச முடியாது. புதுவாயல் டீக்கடையில் கொதிக்கிற டீயைக்கூட அப்படித்தான் குடிப்பான். நாங்களெல்லாம் தண்ணீரோடு நிறுத்திக்கொள்வோம்.

ஒசாகாவில் முதல் நாளே ஒரு கூத்து. அவன் நெற்றியில் இருந்த சிவப்புக் கோட்டைப் பார்த்துவிட்டுத் தொழிற்சாலை நர்ஸ் பஞ்சும் டிஞ்சரும் எடுத்துக்கொண்டு ஓடி வந்தாள். காயம் இல்லை, கடவுள் அடையாளம் என்று அவன் சொன்ன பிறகும் மறுநாள் காலையில் வந்து, ஆறிவிட்டதா என்று எட்டிப் பார்த்துவிட்டுப் போனாள்.

சாப்பாட்டில் நாங்கள் இரண்டு பேரும் ஒரே கட்சி. அவனுக்கு எந்த மாமிசமும் ஆகாது. அங்கே ஹலால் கிடையாது என்பதால் எனக்கு மீனைத் தவிர எந்த மாமிசமும் ஆகாது. அவன் அம்மா கொடுத்துவிட்ட புளிக்காய்ச்சல் பாட்டிலும் என் அம்மா கொடுத்துவிட்ட நார்த்தங்காய் ஊறுகாயும்தான் எங்களைக் காப்பாற்றின. இரண்டு பாட்டிலுக்கும் ஒரே ஸ்பூன் போதுமா என்ற பேச்சே எழவில்லை. ஆளுக்கொரு ஸ்பூன்.

இரண்டாவது வாரம் தொழிற்சாலையில் எங்களுக்கு ஒரு விருந்து வைத்தார்கள், வயிற்றுக்கு இல்லை, கண்ணுக்கு. கியோத்தோவுக்குப் போய் ஜப்பானியப் பழைய பழக்கவழக்கங்களை ஒரே நாளில் பார்த்துவிட்டு வரும் சுற்றுலா. ஆங்கிலம் பேசும் வழிகாட்டி கூடவே வருவார் என்றார்கள். சரி, ஞாயிற்றுக்கிழமை அறையில் உட்கார்ந்து பனியன் துவைப்பதற்கு இது தேவலை என்று கிளம்பினோம்.

கியோத்தோ ரயில் நிலைய வாசலில் ஒரு சின்ன வண்டி நின்றது. பக்கத்தில் நீலக் கொடி பிடித்துக்கொண்டு ஒரு பெண். இருபத்தைந்து வயதுக்குள் இருக்கும். தன் பெயர் யோஷிகோ என்றாள். ராகவன் அதை யசோதா என்று வாங்கிக்கொண்டான். நான் திருத்திப் பார்த்தேன். பிரயோசனமில்லை. கடைசி வரை அவனுக்கு அவள் யசோதாதான்.

வண்டியில் எங்களைத் தவிர ஒரு ஆஸ்திரேலியத் தம்பதி. ஆட்டுப் பண்ணை வைத்திருப்பவர்கள். கணவருக்குப் பெரிய உடம்பு, அதைவிடப் பெரிய மீசை. கடைசி இருக்கையில் கறுப்புக் கோட்டுப் போட்ட ஜப்பானியப் பெரியவர் ஒருவர், இழவு வீட்டுக்கு வந்தவர் மாதிரி உட்கார்ந்திருந்தார்.

யோஷிகோவின் இடது கையில் மஞ்சள் துணிப் பட்டை ஒன்று கட்டியிருந்தது. அது என்ன என்று ஆஸ்திரேலிய அம்மாள் கேட்டார். அவள் கொஞ்சம் தயங்கிவிட்டுச் சொன்னாள்: "நான் பயிற்சியில் இருப்பதற்கு அடையாளம். இன்றைக்கு எனக்குப் பரீட்சை. பின்னால் இருப்பவர் எங்கள் கம்பெனியின் பரிசோதகர். நாள் நன்றாகப் போனால் இந்தப் பட்டையைக் கழற்றிவிடுவார்கள்."

"போகாவிட்டால்?"

"போன தடவை போகவில்லை. இது இரண்டாவது தடவை. மூன்றாவது கிடையாது. மறுபடியும் ஆபீசில் உட்கார்ந்து கடிதங்களுக்குத் தபால்தலை ஒட்ட வேண்டும்." இதைச் சொல்லும்போதும் சிரித்தாள். அவர்கள் ஊரில் சிரிப்புக்கும் சந்தோஷத்துக்கும் எப்போதும் சம்பந்தம் இருக்க வேண்டும் என்பதில்லை.

ராகவன் என் காதருகே வந்தான். "பாய், நம்மளால அந்தப் பொண்ணுக்கு ஒரு தொந்தரவும் வந்துடப்படாது."

"நம்மளால இன்னா சாமி வரப் போவுது? கொடி எங்க போவுதோ அங்க போய்க்கினே இருக்க வேண்டியதுதான்" என்றேன்.

இவ்வளவு நம்பிக்கையோடு நான் சொன்ன எதுவும் பலித்ததில்லை.

முதலில் ஒரு கோயில். வாசலில் கல் தொட்டி, அதில் ஓடுகிற தண்ணீர், வரிசையாக மூங்கில் அகப்பைகள். யோஷிகோ செய்து காட்டினாள். இடது கையைக் கழுவு, வலது கையைக் கழுவு, கையில் கொஞ்சம் தண்ணீர் ஏந்தி வாயைக் கொப்பளி, ஓரமாகத் துப்பு. ஆங்கிலத்தில் 'ஸ்பிட்' என்று அழுத்திச் சொன்னாள். துப்புவதை இவ்வளவு அழகாகச் செய்ய முடியும் என்று எனக்கு அன்றைக்குத்தான் தெரியும்.

ராகவன் முகம் மாறிவிட்டது. "கோயில் வாசல்ல தீர்த்தத்தத் துப்பச் சொல்றாளே, பாய்!" கையில் ஏந்தினான், மூன்று தடவை உறிஞ்சினான், மிச்சத்தைத் தலையில் தெளித்துக்கொண்டான். யோஷிகோ கண்ணை அகல விரித்தாள். பிறகு பரிசோதகரைப் பார்த்தாள். அவர் கோட்டுப் பையிலிருந்து கையையே எடுக்கவில்லை.

நான் உள்ளே போகவில்லை. வெளியே நின்று செருப்புகளுக்குக் காவல் இருந்தேன். அங்கே செருப்புத் திருடுகிறவர் யாரும் இல்லை என்றார்கள். இருந்தாலும் பழக்கம் விடவில்லை.

எல்லோரும் திரும்பி வந்தார்கள், ராகவன் வரவில்லை. உள்ளே எட்டிப் பார்த்தேன். கோயிலைச் சுற்றிப் பிரதட்சணம் வந்துகொண்டிருந்தான். முடித்துவிட்டு வெளியே வந்தவன் நீலக் கொடியைத் தேடினான். அந்த வாசலில் எல்லாக் கம்பெனிக்கும் நீலக் கொடிதான் போலிருக்கிறது. எளாவூர் செக்போஸ்ட்டில் லாரிகள் நிற்பதுபோல வண்டிகள் வரிசையாக நின்றன. கொடி எங்கே போகிறதோ அங்கே போ என்று நான் சொன்ன புத்திமதியை நம்பி, முதலில் கண்ணில் பட்ட கொடியின் பின்னாலேயே நடந்து ஒரு பள்ளிக்கூட பஸ்ஸில் ஏறி உட்கார்ந்துவிட்டான்.

"சாமி! வண்டி இங்க நிக்குது, நீ எங்க போய்க்கினு இருக்கிற?" என்று நான் கத்தியபடி ஓட, பஸ் நகர, யோஷிகோ மரச்செருப்பு தடுக்கத் தடுக்க முன்னால் ஓடிப் போய்க் கொடியை நீட்டி பஸ்ஸை நிறுத்தினாள். உள்ளே பிள்ளைகள் நடுவில் ராகவன், யாரோ கொடுத்த மிட்டாயைக் கையில் வைத்துக்கொண்டு அசையாமல் உட்கார்ந்திருந்தான். இறங்கி வந்ததும் அவளைப் பார்த்துக் கைகூப்பி, "ஸாரி யசோதா, வெரி ஸாரி" என்றான். அவளுக்கு மூச்சு வாங்கியது. "பரவாயில்லை" என்றாள். ஆனால் அதைச் சொல்லும்போது அவள் பார்த்தது எங்களை இல்லை, கறுப்புக் கோட்டை.

அடுத்தது பூ அலங்காரம். ஒரு தட்டில் மூன்றே மூன்று கிளை. ஒன்று நிமிர்ந்து, ஒன்று சாய்ந்து, ஒன்று படுத்து. இதற்கு ஒரு அம்மாள் அரை மணி நேரம் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் தலையைச் சாய்த்துப் பார்த்தார். எங்கள் பக்கத்தில் இவ்வளவு பூவை வைத்துக்கொண்டு ஒரு முழம்கூடக் கட்ட முடியாது. ஆனால் பார்க்கப் பார்க்க எனக்கு அது பிடித்துப் போயிற்று. நடுவில் விட்ட வெற்றிடமும் அலங்காரத்தில் சேர்த்தி என்று யோஷிகோ சொன்னாள். வயரிங்கில் நானும் அதைத்தான் சொல்வேன், யார் கேட்கிறார்கள்.

மதியம் மரப்பெட்டியில் சாப்பாடு வந்தது. எனக்கு மீன் இருந்தது, கவலை இல்லை. ராகவன் சோற்றை மட்டும் தனியே தள்ளிப் புளிக்காய்ச்சல் பாட்டிலைத் திறந்தான். வாசனை வந்ததும் ஆஸ்திரேலியர் மூக்கை நீட்டினார். ராகவன் தன் ஸ்பூன் படாமல் சாய்த்து அவர் சோற்றில் கொஞ்சம் ஊற்றினான். சாப்பிட்டுவிட்டு அவர், "இதை ஆட்டுக்கறியில் தடவிப் பார்க்க வேண்டும்" என்றார். ராகவன் பாட்டிலை மூடிப் பைக்குள் வைத்துவிட்டான்.

பரிசோதகர் தனியாக உட்கார்ந்து சாப்பிட்டார். யோஷிகோ சாப்பிடவே இல்லை. ஒரு தாளில் எழுதி வைத்திருந்த ஆங்கிலத்தை முணுமுணுத்துக்கொண்டிருந்தாள். அடுத்துத் தேநீர்ச் சடங்கு. போன தடவை அங்கேதான் கோட்டை விட்டாளாம். வந்த ஒருவர் டீயைப் பற்றிக் கேட்ட கேள்விக்கு அவளுக்குத் தெரிந்த ஆங்கிலம் போதவில்லை.

தேநீர் வீடு ஒரு தோட்டத்துக்குள் இருந்தது. வீடு என்பதே அதிகம், ஓர் அறை. வாசல் இடுப்பளவுகூட இல்லை. யாராக இருந்தாலும் தவழ்ந்துதான் போக வேண்டும், அங்கே பெரியவன் சின்னவன் இல்லை என்று யோஷிகோ விளக்கினாள். ஆஸ்திரேலியர் பாதி உடம்போடு நின்றுபோனார். உள்ளிருந்து மனைவி இழுக்க, வெளியிலிருந்து நாங்கள் தள்ள, ஒரு வழியாக உள்ளே போய்ச் சேர்ந்தார்.

தவழ்வதற்கு முன்னால் யோஷிகோ இன்னொன்றும் சொன்னாள். இன்று தருவது கெட்டித் தேநீர். மதிப்புக்குரிய விருந்தாளிகளுக்கு மட்டும் தருவது. எல்லோருக்கும் சேர்த்து ஒரே கிண்ணம். ஒருவர் கொஞ்சம் குடித்துவிட்டு, வாய் வைத்த இடத்தை ஈரத்துணியால் துடைத்து, அடுத்தவரிடம் தர வேண்டும். அவள் ஆங்கிலத்தில் 'கெட்டி' என்று சொன்னது எங்கள் இருவர் காதிலும் ஏறவில்லை. 'ஒரே கிண்ணம்' என்றதோடு ராகவனின் காது அடைத்துப் போயிற்று. நான் அவன் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

எனக்கு அதில் ஒரு சங்கடமும் இல்லை. எங்கள் கல்யாணங்களில் பெரிய தட்டில் சோற்றைக் கொட்டி நாலு பேர் சுற்றி உட்கார்ந்து ஒன்றாகத்தான் சாப்பிடுவோம். சஹன் என்று பெயர். பக்கத்து ஆள் கை எங்கே முடிகிறது, நம் கை எங்கே தொடங்குகிறது என்று யாரும் பார்ப்பதில்லை. ராகவன் வீட்டில் தகப்பனும் மகனும்கூட ஒரு டம்ளரை மாற்றிக் குடிக்க மாட்டார்கள்.

"வாணாம்னு சொல்லிடு சாமி. வயிறு சரியில்லன்னு நான் சொல்றேன்."

"சொன்னா அந்தக் கறுப்புக் கோட்டு என்ன நெனச்சுப்பார்? யசோதா கூட்டிண்டு வந்தவன் டீ வேண்டாம்னுட்டான்னு ஆயிடுமே. ஏற்கெனவே பஸ்ல ஏறி மானத்த வாங்கியாச்சு." கொஞ்சம் யோசித்தான். "பாய், தப்பா எடுத்துக்கப்படாது. நீங்க குடிச்சப்பறம் எனக்கு வரும். அண்ணாந்து ஊத்திக்கறேன்."

"எனக்கு இன்னா சாமி கோவம்? அம்மாகிட்ட சத்தியம் பண்ணிக்கினு வந்தவன் நீ. ஊத்திக்கோ. டீ தானே!"

டீதானே என்று சொன்னவன் நான்தான். அதை மறுப்பதற்கில்லை.

உள்ளே பாய் விரித்த தரை. முழங்காலை மடக்கிக் குதிகால்மேல் உட்கார வேண்டும். எனக்கு அது தொழுகையில் உட்காருகிற மாதிரிதான். பெருமையாக உட்கார்ந்தேன். முதலில் ஆஸ்திரேலிய அம்மாள், அடுத்து அவர் கணவர், பிறகு நான், எனக்கு அடுத்து ராகவன், கடைசியில் பரிசோதகர். கடைசி இடம் விவரம் தெரிந்தவருக்கு உரியதாம். யோஷிகோ வாசல் பக்கம் ஒதுங்கி உட்கார்ந்தாள்.

தேநீர் தயாரித்த அம்மாளுக்கு அறுபது வயது இருக்கும். சாம்பல் நிறக் கிமோனோ. முதலில் ஓர் இனிப்பு தந்தார். கடித்ததும் ராகவன், "கொழுக்கட்டைப் பூரணம், பாய்" என்று கிசுகிசுத்தான். அதற்குப் பிறகு யாரும் பேசவில்லை. கெட்டிலில் நீர் கொதிக்கிற சத்தம் மட்டும் கேட்டது. அந்த அம்மாள் துணியை மடித்த விதம், அகப்பையை வைத்த விதம், ஒவ்வொன்றையும் அப்படியே பார்த்துக்கொண்டிருக்கலாம் போலிருந்தது. அத்தனை அமைதி எனக்கு அந்தப் பயணத்தில் வேறெங்கும் கிடைக்கவில்லை.

கிண்ணம் புறப்பட்டது. ஆஸ்திரேலியர்கள் சமர்த்தாகக் குடித்துத் துடைத்து நீட்டினார்கள். என் கைக்கு வந்ததும் உள்ளே பார்த்தேன். மருதாணி அரைத்து வைத்த மாதிரி பச்சையாக, விழுதாக இருந்தது. சாய்த்தால் அவசரமில்லாமல் உதடு வரை நகர்ந்து வந்தது. கசப்பு. மூன்று மிடறு வாங்கிக்கொண்டேன். இதை அண்ணாந்து ஊற்றிக்கொள்ள எந்த மனிதனாலும் ஆகாது என்று அப்போதுதான் உறைத்தது.

கிண்ணத்தைத் துடைத்து ராகவன் கையில் கொடுக்கும்போது உதடு அசையாமல் எச்சரித்தேன். "கெட்டி சாமி... கெட்டி!"

அவன் புரிந்ததென்று தலையாட்டினான். இரண்டு கையாலும் கிண்ணத்தைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டான்.

அண்ணாந்தான். கிண்ணத்தை ஒரு சாண் உயரத்தில் சாய்த்தான். ஒன்றும் வரவில்லை. இன்னும் சாய்த்தான். வரவில்லை. அந்த அம்மாளின் கை துணிமேல் அப்படியே நின்றுவிட்டது. ராகவன் கிண்ணத்தை முழுக்கக் கவிழ்த்து லேசாக ஒரு உதறு உதறினான். அவ்வளவுதான், மிச்சம் இருந்ததெல்லாம் ஒரே கட்டியாக அவன் வாய்க்குள் விழுந்தது. மூக்கு நுனியிலும் கொஞ்சம். ஒரு துளிகூடப் பாயில் சிந்தவில்லை, அது அவன் கைப்பழக்கம். ஆனால் அடுத்து இருந்தவரின் பங்கும் அவன் வாய்க்குள் போய்விட்டது. இரண்டு கன்னமும் உப்ப, கண்ணில் நீர் முட்ட, காலிக் கிண்ணத்தைத் துடைத்துப் பரிசோதகரிடம் பணிவாக நீட்டினான்.

அவர் வாங்கிக் கிண்ணத்துக்குள் பார்த்தார்.

அந்த அம்மாள் மெல்லிய குரலில் ஏதோ கேட்டார். யோஷிகோவின் முகத்தில் ரத்தமே இல்லை. "ஏன் வாய் வைக்கவில்லை என்று கேட்கிறார். கிண்ணம் சுத்தமாக இல்லையா?"

எங்கள் இருவரில் நல்ல ஆங்கிலம் ராகவனுடையது. அவனால் விழுங்கவும் முடியவில்லை, வாயைத் திறக்கவும் முடியவில்லை. கண்ணாலேயே என்னைக் கெஞ்சினான். என் ஆங்கிலம் ஃப்யூஸ், வயர், டேஞ்சர் என்ற அளவில் நிற்பது. எச்சிலுக்கு ஆங்கிலத்தில் என்ன? காலையில் அவளே சொல்லித் தந்த வார்த்தை நல்ல நேரத்தில் கை கொடுத்தது என்று நினைத்தேன்.

"ஸ்பிட், மேடம்" என்றேன்.

"துப்பலா? கிண்ணத்தில் யாராவது துப்பினார்களா?"

"நோ, நோ! மை ஸ்பிட்! ஹிஸ் ஸ்பிட்!" என்று ஆஸ்திரேலியரையும் காட்டினேன். அவர் மீசையைத் துடைத்துக்கொண்டு மனைவியைப் பார்த்தார். பேசப் பேசப் பேஜாராகிக்கொண்டே போனது. கறுப்புக் கோட்டுக்காரர் முதல் தடவையாக யோஷிகோவை நேராகப் பார்த்தார். போன தடவையும் இந்த இடத்தில்தான் அவளுக்கு வார்த்தை இல்லாமல் போயிற்று. இந்தத் தடவை வார்த்தை இல்லாமல் செய்தது நான்.

அவள் கண்ணை மூடித் திறந்தாள். கையில் இருந்த தாளை மடித்து வைத்துவிட்டு என் பக்கம் நகர்ந்து உட்கார்ந்தாள். "ஆங்கிலம் வேண்டாம். உங்கள் மொழியில் அதற்கு என்ன பெயர்?"

"எச்சில்."

"எச்சிரு."

"எச்சில்."

"எச்சிரு" என்றாள் மறுபடியும். அவர்கள் நாக்கில் 'ல்' ஏறாது. நான் விட்டுவிட்டேன். வாயைக் காட்டினேன், துப்புவதுபோல் செய்து காட்டி, இது இல்லை என்று கையை ஆட்டினேன். உதட்டைத் தொட்டேன், அதே விரலால் கிண்ணம் இருந்த திசையைச் சுட்டிக் காட்டினேன். வாய் போய்விட்டது, ஆனால் ஏதோ அங்கே தங்கிவிட்டது. அதுதான் எச்சில். "வெளியே போவது துப்பல். தங்கி நிற்பது எச்சில்." எப்படியோ இது அவளுக்குப் புரிந்தது. பிறகு பெரியவரைக் காட்டி, "அவர் பெரியவர். அடுத்துக் குடிக்கிறவர். இவன் எச்சில் அவருக்குப் போகக் கூடாது. மரியாதை" என்றேன்.

நான் சொன்னது பொய் இல்லை. பாதி உண்மை. அடுத்தவன் எச்சில் எனக்கு வேண்டாம் என்பது ஒரு பாதி, என் எச்சில் அடுத்தவனுக்கு வேண்டாம் என்பது இன்னொரு பாதி. எந்தப் பக்கத்தைத் திருப்பிக் காட்டினால் சரக்கு நன்றாகத் தெரியும் என்று வியாபாரக் குடும்பத்துப் பிள்ளைக்குத் தெரியாதா?

ஆனால் அவள் என்னோடு நிறுத்தவில்லை. ராகவன் அதற்குள் விழுங்கியிருந்தான். அவனைக் கேட்டாள்: "இது யாருக்காக? அவருக்காகவா, உங்களுக்காகவா?"

அவன் என்னைப் பார்த்தான். நான் பெரியவர் பக்கம் கண் ஜாடை காட்டினேன். பச்சைப் பல்லோடு அவன் உண்மையைச் சொன்னான். "இரண்டும். என் அம்மாவிடம் சத்தியம் செய்திருக்கிறேன்."

அவள் அந்த அம்மாளிடம் திரும்பி ஜப்பானிய மொழியில் நிதானமாகப் பேசினாள். நடுநடுவே 'எச்சிரு' என்ற சொல் மட்டும் எனக்குப் புரிந்தது. கை முதலில் ராகவன் பக்கம் போயிற்று, பிறகு பெரியவர் பக்கம் போயிற்று. இரண்டு பாதியையும் சொல்லிவிட்டாள் என்று தெரிந்தது.

அந்த அம்மாள் தன் கையில் இருந்த ஈரத்துணியைப் பார்த்தார். பிறகு ராகவனைப் பார்த்து ஒரே ஒரு வாக்கியம் சொன்னார். யோஷிகோ மொழிபெயர்த்தாள்: "நாங்கள் இந்தத் துணியால் செய்வதை, நீங்கள் தூரத்தால் செய்கிறீர்கள் என்கிறார்."

பரிசோதகர் அந்தக் காலிக் கிண்ணத்தை இரண்டு கையாலும் எடுத்தார். கடைசி ஆள் மிச்சத்தைச் சத்தமாக உறிஞ்சி முடிப்பது அங்கே வழக்கமாம். ஒன்றுமே இல்லாத கிண்ணத்தை வாயில் வைத்து, அறைக்கே கேட்கும்படி ஒரு உறிஞ்சு உறிஞ்சினார். துடைத்தார். வைத்தார். குனிந்து வணங்கினார். முகத்தில் ஒன்றும் இல்லை. கோபமா, கேலியா, கடமையா, எனக்கு இன்றைக்கு வரை தெரியாது.

சாயங்காலம் ரயில் நிலையத்தில் எங்களை இறக்கிவிட்டார்கள். யோஷிகோ எல்லோருக்கும் குனிந்து நன்றி சொன்னாள். ராகவன் ஏதோ சொல்ல வாயெடுத்தான், அதற்குள் பரிசோதகர் அவளைக் கூப்பிட்டார். கொஞ்ச தூரத்தில் நின்று அவர் பேச, அவள் கேட்டுக்கொண்டிருந்தாள். பிறகு ஆழமாகக் குனிந்தாள். நிமிர்ந்து மறுபடியும் குனிந்தாள். பட்டை இன்னும் அவள் கையிலேயே இருந்தது. அந்த ஊரில் நல்லதுக்கும் குனிகிறார்கள், கெட்டதுக்கும் குனிகிறார்கள். முதுகைப் பார்த்து என்ன கண்டுபிடிக்க முடியும்? எங்கள் ரயில் வந்துவிட்டது.

ரயில் ஒசாகாவை நெருங்கும்போது ராகவன், "பொய் சொல்லியிருக்கணுமோ, பாய்?" என்றான்.

"நீ சொல்லியிருந்தாலும் அவ சொல்லியிருக்க மாட்டா சாமி" என்றேன். அது ஆறுதலா என்று எனக்கே தெரியவில்லை.

அதற்குப் பிறகு அவளைப் பார்க்க வழி இல்லை. சுற்றுலாவுக்கு ஏற்பாடு செய்தவரிடம் ராகவன் இரண்டு தடவை விசாரித்தான். அவருக்குத் தெரியவில்லை. ஊருக்குத் திரும்பிய பிறகும், தொழிற்சாலைக்கு வரும் தபால் உறைகளில் ஜப்பான் தபால்தலையைப் பார்த்தால் கையில் எடுத்து வைத்துக்கொண்டு நிற்பான். அவள் ஒட்டியதாக இருக்குமோ என்று அவனுக்கு நினைப்பு. நான் கிண்டல் செய்யவில்லை, ஏனென்றால் நானும் பார்ப்பேன்.

மறு வருஷம் மெஷின் கும்மிடிப்பூண்டிக்கு வந்து சேர்ந்தது. அதைப் பூட்டி ஓட்டிக் காட்ட ஒசாகாவிலிருந்து இளைஞர் ஒருவர் வந்தார். நாங்கள் அங்கே இருந்தபோது அவர் வேறு பிரிவில் இருந்தவர், பழக்கமில்லை. கூரை இன்னும் முழுசாகப் போடாத ஷெட், சித்திரை வெயில். பகல் டீ தூக்கில் வந்தது. கேண்டீன்காரர் டம்ளர் ஒன்றே ஒன்றுதான் கொண்டு வந்திருந்தார்.

"இன்னா நைனா, மூணு பேருக்கு ஒரு டம்ளரா?" என்று அவரைக் கடிந்துகொண்டே முதல் டம்ளரை விருந்தாளிக்குக் கொடுத்தேன்.

அந்த இளைஞர் டம்ளரைப் பார்த்தார், எங்களைப் பார்த்தார். கால்களை அகட்டி நின்றுகொண்டார். அண்ணாந்து, டம்ளரை ஒரு முழ உயரத்துக்குத் தூக்கி ஊற்றினார். கால் பங்கு வாயிலும் கால் பங்கு வெள்ளைச் சட்டையிலும் போயிற்று. சூடு தாங்காமல் குதித்தார். ஆனால் உதட்டில் படவிடவில்லை. மிச்சம் பாதி டம்ளரை இரண்டு கையாலும் ராகவனிடம் நீட்டி, பெருமையாகச் சொன்னார்.

"எச்சிரு, நோ!"

ராகவன் டம்ளரை வாங்க மறந்து நின்றான். நான்தான் கேட்டேன், இதை எங்கே கற்றுக்கொண்டீர்கள் என்று.

கியோத்தோவில் என்றார். வெளிநாட்டு விருந்தாளிகளை அழைத்துக்கொண்டு சுற்றுலா போனாராம். தேநீர் வீட்டு வாசலில், உள்ளே தவழ்வதற்கு முன்னால், வழிகாட்டிப் பெண் எல்லோரிடமும் ஒரு கதை சொன்னாளாம். இந்தியாவில் ஓர் ஊரில் கிண்ணத்தைத் தொடாமல் குடிப்பார்கள், பாதி தங்களுக்காக, பாதி அடுத்தவருக்காக. அந்தப் பாதிக்கும் இந்தப் பாதிக்கும் சேர்த்து அவர்களிடம் ஒரே சொல்தான் இருக்கிறது. இந்தியாவுக்குப் போகிறேன் என்று இவர் சொன்னதும் எப்படித் தூக்குவது என்று காலிக் கிண்ணத்தில் செய்தும் காட்டினாளாம்.

"அந்தப் பெண் கையில் மஞ்சள் பட்டை இருந்ததா?" ராகவன் ஆங்கிலத்தில் கேட்டான்.

"பட்டையா?" இளைஞர் யோசித்தார். "இருந்தது. ஆனால் அவள் கையில் இல்லை. அவளிடம் வேலை கற்றுக்கொள்ள ஒரு புதுப்பெண் பின்னாலேயே வந்துகொண்டிருந்தாள். அந்தப் பெண்ணின் கையில்."

ராகவன் என் தோளைப் பிடித்துக்கொண்டான். "பாய், யசோதா பாஸ் பண்ணிட்டா, பாய்!"

"பண்ணாம இன்னா சாமி" என்று மட்டும் சொன்னேன்.

அவன் டம்ளரை வாங்கினான். விளிம்பைப் பார்த்தான், காய்ந்தே இருந்தது. அம்மாவின் சத்தியத்துக்கு ஒரு குறையும் இல்லை. அண்ணாந்து தூக்கினான். சிரிப்பு அடங்காமல் கை ஆடிற்று. பிறந்ததிலிருந்து தூக்கிக் குடித்து ஒரு சொட்டும் சிந்தாதவன், அன்றைக்குச் சட்டை முழுக்கக் கொட்டிக்கொண்டான்.